தவிர்க்க முடியாத உதிரப்போக்கு

கருப்பையின் மேற்பகுதியில் பற்றி வளர வேண்டிய நஞ்சுக்கொடி கீழ்ப்பகுதியில் பற்றி வளர்ந்து கருப்பை வாயை மூடிக்கொள்ளும் நிலையைப் பிளசென்டா பிரீவியா என்பர். கடைசி மாதங்களில் கருப்பையின் கீழ்ப்பகுதி விரியும்போது நஞ்சுக்கொடி பிரிந்து, வலியே இல்லாமல் உதிரம் பெருகும். 1775இல் நாரிச் நகர மருத்துவர் எட்வர்ட் ரிக்பி இதனைத் தற்செயலான உதிரப்போக்கிலிருந்து பிரித்து, ‘தவிர்க்க முடியாதது’ என வகைப்படுத்தினார்.

1860களில் லண்டன் மருத்துவர் பிராக்ஸ்டன் ஹிக்ஸ், குழந்தையைத் திருப்பி ஒரு காலைக் கீழிழுத்து, அதன் தொடையாலும் பிட்டத்தாலும் நஞ்சுக்கொடியை அழுத்தி உதிரத்தை நிறுத்தும் முறையைப் பரப்பினார். தாய் பிழைத்தாலும் குழந்தை பெரும்பாலும் பிழைக்கவில்லை. விரலை உள்ளே செலுத்திச் சோதிப்பதே பெருக்கைத் தூண்டும் என்பதால் அதை விலக்கி, இரத்தமும் அறுவை அரங்கும் ஆயத்தமாக உள்ள மருத்துவமனையில் தாயைப் படுக்கவைத்துக் குழந்தை முதிரும்வரை காத்திருக்கலாம் என்று 1945இல் பெல்ஃபாஸ்ட் மருத்துவர் மகாஃபி எழுதியது திருப்புமுனையாயிற்று. 1958இல் கிளாஸ்கோவின் இயன் டொனால்ட் வெளியிட்ட அல்ட்ராசவுண்ட் ஆய்வு, உதிரம் வருமுன்பே நஞ்சுக்கொடியின் இடத்தை அறியும் காலத்திற்கு வழிவகுத்தது.

இந்த வரலாற்றின் பலன் மருத்துவமனையை எட்டுவோருக்கே உரியது. சென்னையில் 1844லேயே மகப்பேறு மருத்துவமனை தோன்றிவிட்டது. ஆனால் கொல்லிமலையின் 14 நாடுகளுள் ஒன்றான பெரக்கரை நாடு போன்ற மலையூர்களுக்கு, சாலை வருமுன் ஒற்றையடிப் பாதையும், வீட்டிலேயே பேறு பார்த்த மருத்துவச்சியின் கையுமே துணை. காரவள்ளி அடிவாரத்திற்கு இறங்கும் இன்றைய சாலையிலும் 70 கொண்டை ஊசி வளைவுகள் உள்ளன. 2008இல் தொடங்கிய 108 ஆம்புலன்ஸ் சேவைக்கும் அந்த வளைவுகள் குறையவில்லை.

முன்பே சிசேரியன் ஆனவர்கள், கருப்பை சுரண்டப்பட்டவர்கள், பல முறை பெற்றவர்கள், 35 வயதைக் கடந்தவர்கள், இரட்டைக் கரு சுமப்பவர்கள், புகைப்பவர்கள் ஆகியோருக்கு இந்நிலை கூடுதலாக நேர்கிறது. ஐந்தாம் மாத ஸ்கேனில் தாழ்ந்து தெரியும் நஞ்சுக்கொடி பெரும்பாலும் கருப்பை வளர வளர மேலேறிவிடும் என்பதால், எட்டாம் மாதத்தில் மறுபடியும் பார்க்க வேண்டும். அப்போதும் வாயை மூடியிருந்தால், உதிரம் இல்லாதவர்க்குப் பொதுவாக 36, 37ஆம் வாரத்தில் சிசேரியன் செய்யப்படுகிறது; பழைய தழும்பில் நஞ்சுக்கொடி ஊடுருவியிருந்தால் பெரிய மருத்துவமனையே வேண்டும்.

மலைவாழ் கர்ப்பிணிகள் பேறுகாலத்திற்கு முன்பே வந்து தங்கும் காத்திருப்பு அறைகளைத் தமிழகச் சுகாதாரத்துறை அமைத்திருப்பது, மகாஃபியின் கொள்கை மலைக்கு ஏற்ப உருமாறியதன் அடையாளமாகும். ரிக்பி ‘தவிர்க்க முடியாதது’ என்றது உதிரத்தைத்தான். மரணத்தைத் தவிர்க்க, உதிரம் தொடங்குமுன் தாய் மலையிறங்கியிருக்க வேண்டும்.