பொரோவும் பெயுராவும்: ஃபின்லாந்துத் திரைப்படத் தலைப்புகள் இரண்டு

ஃபின்லாந்தில் 1933 முதல் 1964 வரை வரிச்சலுகை ஒன்று நடைமுறையில் இருந்தது. உள்நாட்டுக் குறும்படத்தைக் கதைப்படத்துடன் சேர்த்துத் திரையிட்டால் கேளிக்கை வரி குறையும். இதனால் தொழில், இயற்கை, நாட்டுப்புற வாழ்வு ஆகியன பற்றிய ஆவணப்படங்கள் பெருகின. ஒளிப்பதிவாளர் எரிக் பிளோம்பெர்க்கும் இத்துறையில் பணியாற்றியவர். அவர்தம் மனைவி மிர்யாமி குவோஸ்மனென் (1915–1963) 1940களில் கதைப்படங்களில் நடித்துவந்தவர். ஆவணப்பட மரபும் இந்நடிகையின் கலையும் ஒன்றுகூடிய இடம் லாப்லாந்து ஆகும்.

துருவமான் மேய்ப்பைப் பற்றிப் பிளோம்பெர்க் 1947இல் உருவாக்கிய ஆவணப்படம் ‘பொரோயென் பாரிஸ்ஸா’. இருவரும் இணைந்து திரைக்கதை எழுதிய கதைப்படம் ‘வால்கொய்னென் பெயுரா’ (1952). குவோஸ்மனென் ஏற்ற பிரிதா என்னும் பாத்திரம், கணவனின் அன்பை நாடி மந்திரவாதியிடம் சென்று, வெண்மானாக உருமாறி மேய்ப்பர்களைக் கொல்கிறது. முடிவில் கணவனின் ஈட்டிக்கே இரையாகிறது. இப்படம் 1953இல் கான் விழாவில் பரிசு பெற்றது.

இங்கு மொழியியலார் கருதத்தக்கது தலைப்புச் சொற்களின் வேறுபாடாகும். ‘பொரோ’ என்பது மனிதன் வளர்க்கும் துருவமான். ‘பெயுரா’ என்பது காட்டில் திரிவது. ஆவணப்படம் முன்னதையும் கதைப்படம் பின்னதையும் தலைப்பில் ஏற்றன. வீட்டிலிருந்து காட்டிற்குப் பெயரும் பிரிதாவின் கதை ‘பெயுரா’ என்ற ஒரு சொல்லிலேயே சுருங்கி நிற்கிறது எனலாம். ஆங்கிலத் தலைப்பு இரண்டிற்கும் பொதுவான சொல்லை ஆள்வதால் இவ்வேறுபாடு மறைந்துவிடுகிறது.

வட சாமி மொழியும் வளர்ப்பு மானை ‘போஅட்சு’ என்றும் காட்டு மானை ‘கொத்தி’ என்றும் பிரித்தறியும். ஆயினும் சாமி இன மாந்தரைப் பற்றிய இப்படத்தின் உரையாடல் ஃபின்னிய மொழியிலேயே அமைந்தது. எனவே நாம் பெயர்ப்பது முன்னரே ஒருமுறை பெயர்க்கப்பட்ட உலகை என்பதை நினைவிற் கொள்ளல் வேண்டும்.

தமிழில் ‘வெண் துருவமான்’ என்பது ஆங்கிலத்தின் குறையையே தொடரும். வீட்டுப் பசுவை ‘ஆ’ என்றும் காட்டுப் பசுவை ‘ஆமா’ என்றும் வேறுபடுத்திய மொழிக்கு இப்பாகுபாடு புதிதன்று. ‘வெண் காட்டுமான்’ என்பது விலங்கியல் நோக்கில் துல்லியமற்றதாயினும் கதையின் பொருளுக்கு அண்மையது. மொழிபெயர்ப்பாளர் எதனை இழக்கலாம், எதனை இழக்கலாகாது என்பதைப் படைப்பே முடிவு செய்தல் வேண்டும்.