குழாயின் வாயை அடைத்த கதை



வீட்டிலோ பள்ளியிலோ பழைய கழுவுதொட்டி ஒன்றை அகற்றிவிட்டால், சுவரில் ஒரு துண்டுக் குழாய் எஞ்சி நிற்கும். அதன் வாயை அடைக்க இன்று கடையில் ஒரு சிறிய மூடி கிடைக்கிறது. நெருப்பு வேண்டாம், பசை வேண்டாம், மரை வெட்ட வேண்டாம். அழுத்திச் செருகினால் போதும். 'புஷ் ஃபிட்' என்று கடைக்காரர்கள் அழைக்கும் இவ்வகைப் பொருத்தி எளியதாகத் தோன்றினும், அதன் பின்னே நெடிய வரலாறு உண்டு.

அவ்வரலாற்றை ரோமாபுரியிலிருந்து தொடங்குவதே முறை. 'பிளம்பர்' என்னும் சொல்லே ஈயத்தைக் குறிக்கும் 'பிளம்பும்' என்ற இலத்தீன் சொல்லிலிருந்து பிறந்ததுதான். கி.பி. 97ஆம் ஆண்டில் நெர்வா பேரரசர், ஃபிரான்டினஸ் என்பவரை அந்நகரின் நீர் வழங்கல் பொறுப்பாளராக நியமித்தார். அவர் எழுதி வைத்த நூல் இன்றும் கிடைக்கிறது. அதில் அவர் அம்பலப்படுத்தும் மோசடிகளுள் ஒன்று நம் பொருளுக்கு மிக நெருக்கமானது. நீர் பெறும் உரிமை ஒருவரிடமிருந்து மற்றொருவருக்கு மாறும்போது, நீர்ப் பணியாளர்கள் தொட்டியில் புதிய வாயொன்றைப் பொருத்துவர். பழைய வாயை அடைக்காமல் விட்டுவிட்டு, அதில் வரும் நீரைத் தாமே விற்றுக் காசாக்குவர்! நிலத்தடியில் கள்ளத்தனமாகக் கிளைக்குழாய்கள் பொருத்துவோரும் இருந்தனர். அவற்றைத் தோண்டி எடுத்தபோது கிடைத்த ஈயத்தின் அளவே திருட்டின் அளவைக் காட்டியது என்கிறார் ஃபிரான்டினஸ். நீர்க்குழாய்களை வேண்டுமென்றே துளைப்போருக்கும் உடைப்போருக்கும் கி.மு. 9ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று நூறாயிரம் செஸ்டர்ஸ் தண்டம் விதித்தது. அடைக்க வேண்டிய ஒரு துளையை அடைக்காமல் விடுவது அன்றே ஊர்ப் பிரச்சினை.

ஈயம் மென்மையான உலோகம். தட்டி நசுக்கவும் உருக்கி ஒட்டவும் எளிது. அதனாலேயே அது பல நூற்றாண்டுகள் நீடித்தது. அதன் நஞ்சைப் பற்றி முன்னோர் அறியாதவர் அல்லர். ஈயப் பட்டறைத் தொழிலாளரின் வெளிறிய முகத்தைச் சான்று காட்டி, சுட்ட மண் குழாயே நலம் என்று விட்ருவியஸ் ஃபிரான்டினசுக்கும் முன்பே எழுதிவிட்டார். கேட்டவர்தாம் இல்லை.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இரும்புக் குழாய் பரவியது. 1841இல் ஜோசப் விட்வொர்த் திருகு மரைகளுக்கு ஒரே அளவு முறையை முன்வைத்தார். அதிலிருந்து வளர்ந்த பிரிட்டிஷ் குழாய் மரையே மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் இன்றளவும் நம் வீட்டுக் குழாய்களில் உள்ளது. மரை இருக்கும் முனையில் மூடியைத் திருகிவிடலாம். நடுவில் அறுத்த குழாயாயின் புதிய மரை வெட்ட வேண்டும். சுவர் மூலையில், கைப்பிடி சுழல இடமில்லாத இடத்தில் அதைச் செய்து பார்த்தவர்களுக்கே அதன் துன்பம் தெரியும். கசியாதிருக்க முதலில் சணல் நார் சுற்றினர். பிற்காலத்தில் வெள்ளை நாடா வந்தது.

பின்னர் மேலைநாட்டு வீடுகளில் செம்பு இடம்பிடித்தது. செம்பை ஈயமும் வெள்ளீயமும் கலந்த பற்றாசு கொண்டு தீச்சுடரால் ஒட்டினர். இதில் இரு இடர்கள். ஒன்று, குழாயில் சிறிது நீர் சொட்டினாலும் சூடேறாது; பற்றாசு பிடிக்காது. இதற்குப் பழைய தொழிலாளர் கண்ட உபாயம் சுவையானது: ரொட்டியின் வெண்பகுதியைப் பிசைந்து குழாயினுள் திணிப்பர். அது நீரைச் சற்று நேரம் தாங்கும்; வேலை முடிந்து நீர் திறந்ததும் கரைந்து போகும். மற்றொன்று, பற்றாசில் இருந்த ஈயம். குடிநீர்க் குழாய்களில் ஈயப் பற்றாசைப் பயன்படுத்த அமெரிக்கா 1986ஆம் ஆண்டுச் சட்டத்திருத்தத்தின் வழி தடை விதித்தது.

புதிய வழி இரப்பரிலிருந்து வந்தது. டென்மார்க்கில் பிறந்து அமெரிக்காவில் குடியேறிய நீல்ஸ் கிறிஸ்டென்சன், 1939இல் வட்ட இரப்பர் வளையத்திற்குக் காப்புரிமை பெற்றார். அந்த வளையத்தோடு கூரிய பற்கள் கொண்ட எஃகு வளையத்தையும் சேர்த்தால் புஷ் ஃபிட். குழாய் உள்ளே போகும்போது பற்கள் வளைந்து வழிவிடும். வெளியே இழுத்தால் கடித்துப் பிடிக்கும். கசிவைத் தடுப்பது இரப்பர். நழுவாமல் காப்பது பல். கழற்ற வேண்டுமாயின் வாயிலுள்ள கழுத்து வளையத்தை உள்ளழுத்திக்கொண்டே இழுக்க வேண்டும். இதில் புகழ்பெற்ற பெயர்களுள் ஒன்று, இங்கிலாந்தில் 1961இல் தோன்றிய ஜான் கெஸ்ட். மற்றொன்று, 2004இல் அமெரிக்கச் சந்தைக்கு வந்த ஷார்க்பைட். இதன் உரிமையாளரான ஆஸ்திரேலிய நிறுவனமே 2018இல் ஜான் கெஸ்ட்டையும் வாங்கியது. நம் சமையலறை நீர் வடிகட்டியின் மெல்லிய குழாய்கள் பலவற்றிலும் இதே உத்தியைக் காணலாம். ஈரமான குழாயிலும் இது பிடிக்கும் என்பதால், ரொட்டிக்கு வேலையில்லாமல் போயிற்று.

ஆயினும் சில எச்சரிக்கைகள் தேவை. குழாயை நேராக அறுத்து, முனைப் பிசிறுகளைத் தேய்த்து நீக்க வேண்டும்; பிசிறு இரப்பரைக் கீறிவிடும். எவ்வளவு ஆழம் செருக வேண்டுமென முன்பே பென்சிலால் குறித்துக்கொள்வது நன்று. அளவுப் பெயரை நம்பவும் கூடாது. 'அரை அங்குலம்' என்று சொல்லப்படும் அமெரிக்கச் செம்புக் குழாயின் வெளிவிட்டம் 15.9 மில்லிமீட்டர், பிரிட்டிஷ் செம்புக் குழாய் 15 மில்லிமீட்டர், அரை அங்குல இரும்புக் குழாயோ ஏறத்தாழ 21 மில்லிமீட்டர். இணையத்தில் வாங்கிய அமெரிக்க மூடி நம் வீட்டுக் குழாயில் சேராததன் காரணம் இதுவே. (கணித ஆசிரியர்கள் இதை வகுப்பில் பயன்படுத்தலாம்.)

இன்னொன்றும் உண்டு. 1976இல் பிலடெல்பியா நகர விடுதி ஒன்றில் கூடிய முன்னாள் படைவீரர்களைப் புதுவகை நிமோனியா தாக்கியது, பலர் மாண்டனர். அடுத்த ஆண்டு அதன் கிருமியைக் கண்டறிந்தனர்; பின்னர் அதற்கு லெஜியோனெல்லா எனப் பெயரிட்டனர். தேங்கிய வெதுவெதுப்பான நீர் அதற்கு உகந்த இடம் என்பது பின்னர்த் தெளிவாயிற்று. நீண்ட கிளைக்குழாயின் கடைசி முனையை மட்டும் அடைத்தால், உள்ளிருக்கும் நீர் ஆண்டுக்கணக்கில் தேங்கி நிற்கும். அது மற்றக் குழாய்களின் நீரோடு கலக்கவும் கூடும்.

எங்கள் பள்ளியில் ஒருமுறை கைகழுவும் குழாய் வரிசையொன்றை அகற்றினர். வந்தவர் சுவரோரம் மூடியைச் செருகிவிட்டுப் பத்து நிமிடத்தில் புறப்படத் தயாரானார். கிளை பிரியும் இடத்திலேயே அறுத்து அடைத்துத் தருமாறு கேட்டோம். முணுமுணுத்துக்கொண்டே கூரை ஏறினார். அகற்றிய குழாய்த் துண்டைக் கவிழ்த்தபோது செந்நிற நீர் வடிந்தது. அதன் பிறகு அவர் முணுமுணுக்கவில்லை.