3,000 மெகாவாட் வெப்பம்... 1,000 மெகாவாட் மின்சாரம்... கூடங்குளத்தில் மீதி எங்கே போகுது?

கூடங்குளம் அணுமின் நிலையத்தில் ஒரு உலை முழுத் திறனில் இயங்கும்போது சுமார் 3,000 மெகாவாட் வெப்பம் உருவாகிறது. ஆனால் அதிலிருந்து கிடைக்கும் மின்சாரம் 1,000 மெகாவாட்தான். மீதி மூன்றில் இரண்டு பங்கு பெரும்பாலும் கடல்நீரோடு போய்விடுகிறது. இவ்வளவு வெப்பத்தை வீணடிக்கிறார்களா? அப்படிச் சொல்லிவிட முடியாது.

வெப்பத்தை ஏன் வெளியே விடணும்?

உலையின் வெப்பத்தில் உருவாகும் நீராவி டர்பைனைச் சுழற்றுகிறது. அதே நீராவியை மறுபடியும் தண்ணீராக்கினால்தான் அடுத்த சுற்று ஓடும். அதற்கு நீராவியில் மிச்சமிருக்கும் வெப்பத்தைக் குளிர்ந்த ஏதாவது ஒன்று வாங்கிக்கொள்ள வேண்டும். கூடங்குளத்தில் அந்த வேலையைச் செய்வது கடல்நீர்.

சூடான பக்கம் ஒன்று, குளிர்ந்த பக்கம் ஒன்று. இரண்டும் இல்லாமல் எந்த வெப்ப இயந்திரமும் ஓடாது. கடலில் எக்கச்சக்கமான வெப்பம் இருக்கிறது. ஆனாலும் அதை மட்டும் வைத்து ஒரு கப்பலை ஓட்ட முடியாது. வெப்பம் எவ்வளவு இருக்கு என்பது மட்டும் போதாது. வெப்பநிலை வித்தியாசமும் வேணும்.

இதை யார் கண்டுபிடிச்சாங்க?

பிரான்ஸைச் சேர்ந்த ராணுவப் பொறியாளர் சாடி கார்னோ. 1824-ல், தன் 28-வது வயதில் வெளியிட்ட நூலில் இதை விளக்கினார். உராய்வே இல்லாத, எந்தக் குறையும் இல்லாத இயந்திரமாக இருந்தாலும் அதற்கு ஓர் உச்சவரம்பு உண்டு. அதைத் தீர்மானிப்பது இரண்டு பக்கங்களின் வெப்பநிலை மட்டுமே. உள்ளே இருப்பது நீராவியா, காற்றா என்பது முக்கியமில்லை.

கணக்கு எப்படி?

குளிர்ந்த பக்க வெப்பநிலையை சூடான பக்க வெப்பநிலையால் வகுத்து, வரும் விடையை ஒன்றிலிருந்து கழிக்க வேண்டும். ஆனால் செல்சியஸில் போட்டால் கணக்கு தப்பாகிவிடும். கெல்வினில்தான் போடணும். ஏன்னா செல்சியஸின் பூஜ்யம் தண்ணீர் உறையும் புள்ளி மட்டும்தான். கெல்வினின் பூஜ்யம்தான் உண்மையான அடிமட்டம்.

நீராவி சுமார் 280 டிகிரி செல்சியஸ், அதாவது 553 கெல்வின். கடல்நீர் 30 டிகிரி என்று வைத்துக்கொண்டால் 303 கெல்வின். விடை, சுமார் 45%.

அப்போ ஏன் 33% மட்டும் கிடைக்குது?

கார்னோவின் 45% ஒரு கற்பனை இயந்திரத்துக்கானது. அந்த அளவை எட்ட, வெப்பம் மிக மிக மெதுவாகக் கைமாற வேண்டும். அவ்வளவு மெதுவாக ஓடும் இயந்திரத்தால் ஒரு பல்பைக்கூட எரிய வைக்க முடியாது. உராய்வு, பம்புகளுக்கான செலவு எல்லாம் தனி.

செயல்திறனைக் கூட்ட வழியே இல்லையா?

இருக்கு. கடலைக் குளிர்விக்க முடியாது. ஆனால் சூடான பக்கத்தை இன்னும் சூடாக்கலாம். நவீன நிலக்கரி அனல்மின் நிலையங்களில் நீராவி 600 டிகிரி செல்சியஸ் வரை போகிறது. அங்கே உச்சவரம்பு சுமார் 65%. நடைமுறையில் 40 சதவீதத்துக்கும் மேல் கிடைக்கிறது. அதனால் அதே மின்சாரத்துக்குக் குறைந்த நிலக்கரி போதும், புகையும் குறையும். ஆனால் அந்தச் சூட்டைத் தாங்கும் உலோகம் வேணும். அதுதான் இப்போதைய சவால்.

எனவே 33% என்ற எண்ணை 100-உடன் ஒப்பிடுவது சரியல்ல. 45-உடன் ஒப்பிட்டால், இயற்கை அனுமதிப்பதில் கிட்டத்தட்ட முக்கால் பங்கை கூடங்குளம் எட்டிவிடுகிறது.