அடையாறு

சென்னையின் தெற்கே ஏறக்குறைய 42 கி.மீ. ஓடி, பட்டினப்பாக்கத்துக்கும் பெசன்ட் நகருக்கும் இடையே வங்கக்கடலில் சேரும் பருவகால ஆறு. இதை ஆறு என்பதைவிட ஏரிகளின் வடிகால் என்பதே பொருத்தம். மலை ஊற்று எதுவும் இதற்கு இல்லை. ஆதனூர் பகுதி ஏரிகளின் உபரிநீரும் செம்பரம்பாக்கம் ஏரி திறந்துவிடும் நீரும் சேர்ந்தே இதை ஆறாக்குகின்றன. வடகிழக்குப் பருவமழை ஓய்ந்தால் இயற்கை நீரோட்டம் மெலிந்துவிடும். கோடையில் நாம் காண்பது பெரும்பாலும் நகரின் கழிவுநீர். இந்த நிலையின்மை பழையது. 1726-இல் ஆர்மீனிய வணிகர் கோஜா பெட்ரஸ் உஸ்கான் இதைக் கடக்கச் சைதாப்பேட்டையில் பாலம் கட்டினார். 1746-இலோ தளபதி பரதீசின் பிரெஞ்சுப் படை இதே ஆற்றில் இறங்கி நடந்தே கடந்து, ஆர்க்காட்டு நவாப்பின் மகன் மாபூஸ்கானின் பெரும் படையைச் சிதறடித்தது.

2015 டிசம்பரில் ஊரையே மூழ்கடித்த வெள்ளத்தைக் காட்டி, இது பேராறுதான் என்று மறுக்கலாம். செம்பரம்பாக்கத்திலிருந்து அன்று விடப்பட்ட நீர் விநாடிக்கு 29,000 கனஅடி. முடிச்சூர்ப் பக்கத்து ஏரிகளின் உபரியும் அதோடு சேர்ந்தது. ஆகவே அந்த வெள்ளமும் ஏரிகளின் கதையே. நகருக்குள்ளும் இதே கதைதான்: மயிலாப்பூர் நெட்டேரி 1920-களில் தூர்க்கப்பட்டுத் தியாகராய நகர் எழுந்தது. மழைநீர் தங்க இருந்த அந்த இடத்தில் இன்று பாண்டி பஜார். அங்கே விழும் மழையை மாம்பலம் கால்வாய் அடையாற்றுக்குத்தான் தள்ளுகிறது.