கணிதப் பேராசிரியர் கண்ட அரசியல்

கொள்ளுப்பிட்டியை அடுத்த தேர்ஸ்டன் வீதியில் 1921இல் தொடங்கிய பல்கலைக்கழகக் கல்லூரியின் முதற் கணிதப் பேராசிரியர், உரும்பிராயிற் பிறந்த செ. சுந்தரலிங்கம். சிவில் சேவையைத் துறந்து கற்பிக்க வந்தவர். அத்துணிவு பின்னரும் அவரை விட்டகலவில்லை.

1947இல் வவுனியாவிற் சுயேச்சையாக வென்று, சேனநாயக்காவின் மந்திரிசபையில் வர்த்தக மந்திரியானார். மலைநாட்டுத் தமிழரை நாடற்றோராக்கிய முதலாவது பிரசாவுரிமைச் சட்டம் 1948இல் நிறைவேறியபோதும் அவர் பதவியிலேயே இருந்தார். இந்திய பாகிஸ்தானியர் பிரசாவுரிமை மசோதா அவ்வாண்டு திசம்பரில் வாக்கெடுப்புக்கு வந்தபோதோ, சபையினின்றும் வெளியேறி மந்திரிப் பதவியையும் துறந்தார். காலந் தாழ்ந்த துறவெனினும், பதவியைப் பற்றிநின்றோர் நடுவே அதுவும் அரிதே.

ஆயினும் 1968இல் மாவிட்டபுரத்தில், தாழ்த்தப்பட்டோரின் ஆலயப் பிரவேசத்தைத் தடுத்துநின்றவரும் அவரே. அதற்காக நீதிமன்றம் அவரைக் குற்றவாளியெனத் தீர்த்தது.