பிரிட்டனில் மறைந்த ஒரு வைத்திய வழக்கம்

யூதர் செய்யும் விருத்தசேதனமும் இஸ்லாமியர் செய்யும் சுன்னத்தும் இப்ராஹீம் நபியின் காலம்வரை பின்னோக்கிச் செல்லும் சமய அனுஷ்டானங்கள். அத்தகைய கடமை எதுவுமில்லாத பிரிட்டிஷ், அமெரிக்கக் கிறிஸ்தவக் குடும்பங்களில் அதே சஸ்திர சிகிச்சை வைத்தியத்தின் பெயரால் புகுந்த சரித்திரமோ முற்றிலும் வேறானது.

நியூயார்க்கில் பிரசித்தி பெற்றிருந்த லூயிஸ் சேயர் என்னும் சர்ஜன், 1870-இல், கால்கள் சுவாதீனமற்றிருந்த ஐந்து வயதுச் சிறுவனுக்கு நுனித்தோலை நீக்கியதும் அவன் குணமடைந்தான் என்று அறிவித்தார்; அதன்பின் பக்கவாதம், வலிப்பு என்று சம்பந்தமற்ற வியாதிகளுக்கெல்லாம் அத்தோலே மூலகாரணம் என்ற நம்பிக்கை பரவிற்று. ஜான் ஹார்வி கெல்லாக் என்னும் வைத்தியரோ, சிறுவரின் சுயபோகப் பழக்கத்துக்குப் பரிகாரமாக மயக்க மருந்தின்றியே இதைச் செய்யவேண்டும், அந்த வேதனை தண்டனையாக மனத்தில் பதிவது நன்மையே என்று எழுதிவைத்தார். ஒரு வைத்தியரின் கையிலிருந்து இப்படியொரு வாக்கியம் பிறந்ததை எண்ணும்போது நெஞ்சு பதறுகிறது.

இந்தக் காரணங்களை வைத்திய சாஸ்திரமே கைவிட்ட பின்னரும் வழக்கம் நீடித்தது; இங்கிலாந்தில் அது மேல்வகுப்பாரின் அந்தஸ்தோடு ஒட்டிக்கொண்டது. டக்ளஸ் கேர்ட்னர் என்னும் குழந்தை வைத்தியர், 1949 டிசம்பரில் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் எழுதிய கட்டுரையில், பிறந்த சிசுக்களில் நூற்றுக்கு 4 பேருக்கே அத்தோல் முழுதும் பின்னோக்கி விலகும் என்றும், மூன்று வயதுக்குள் நூற்றுக்கு 90 பேருக்கு அது தானே விலகிவிடும் என்றும் காட்டி, வியாதியென்று கருதி அறுக்கப்பட்டது இன்னும் பூர்த்தியாகாத இயற்கை வளர்ச்சியே என்று நிலைநாட்டினார். இந்தச் சிகிச்சையால் ஆண்டுதோறும் சுமார் 16 குழந்தைகள் மாண்டதையும் அவர் எடுத்துரைத்தார். அவசியமற்ற காரியத்துக்கு, சம்மதமோ மறுப்போ சொல்லும் சக்தியில்லாத சிசுக்கள் செலுத்திய விலை அது. காத்திருக்கக்கூடிய சிகிச்சை, அந்த உடலுக்கு உரியவன் வளர்ந்து தானே தீர்மானிக்கும்வரை காத்திருக்க வேண்டும் என்பதற்கு இதைவிட வலுவான நியாயம் எனக்குத் தெரியவில்லை.

1948-இல் தொடங்கப்பட்டிருந்த தேசிய சுகாதாரச் சேவை, வைத்திய அவசியமின்றிச் செய்யும் இந்தச் சிகிச்சையைத் தன் செலவில் பொதுவாக ஏற்கவில்லை. சட்டமோ நீதிமன்றமோ தடுக்காமலே, வழக்கம் சில தசாப்தங்களில் தேய்ந்துபோயிற்று. செலவை இன்ஷூரன்ஸ் ஏற்ற அமெரிக்காவில் அது தொடர்ந்தது; பிறந்த சிசுவுக்கு வலி தெரியாது என்னும் நம்பிக்கையில், மரத்துப்போகும் மருந்துகூட இல்லாமல், இருபதாம் நூற்றாண்டின் பெரும்பகுதி அங்கே கத்தி வைக்கப்பட்டது.