‘வீடு’ படத்தின் நெகட்டிவ்

நானூறு அடிப் படச்சுருள் கமராவில் ஓடினால் நாலரை நிமிஷம். அப்படிப் பல டப்பாக்கள் சேர்ந்து உருவானதுதான் ‘வீடு’. அதை எடுத்த பாலு மகேந்திரா மட்டக்களப்பு அமிர்தகழியில் பிறந்தவர். புனேயில் ஒளிப்பதிவு படித்தவர். ‘கோகிலா’வுக்கும் ‘மூன்றாம் பிறை’க்கும் ஒளிப்பதிவுக்கான தேசிய விருது வாங்கியவர். இந்தப் படத்தில் பாட்டே வைக்கவில்லை. 1987ஆம் ஆண்டின் சிறந்த தமிழ்ப் படமென்று தேசிய விருது இதற்கும் கிடைத்தது. நடித்த அர்ச்சனாவுக்கும் கிடைத்தது.

இருக்கிற இரண்டு காணிகளில் ஒன்றை விற்று மற்றதில் வீடு கட்டப் படாதபாடு படுகிறாள் அர்ச்சனா நடித்த சுதா. அரைகுறையாக எழும்பிய சுவரைத் தாத்தாவாக நடித்த சொக்கலிங்க பாகவதர் வந்து தடவிப் பார்க்கிற இடம் ஒன்று உண்டு. பூச்சுப் படாத சுவர், அதன்மேல் கிழட்டு விரல்கள். வசனத்துக்கு அங்கே வேலையில்லை. யாழ்ப்பாணத்தின் வடகரையில் உள்ள மயிலிட்டிச் சனம் 1990இல் போரால் வெளிக்கிட்டு, மல்லாகம், சுன்னாகம் முகாம்களில் காலம் தள்ளி, 2017 ஜூலையில் ஊர்த் துறைமுகம் ராணுவத்திடமிருந்து விடுபட்ட பிறகு திரும்பியபோது, தடவிப் பார்க்க அப்படியொரு சுவர்கூடப் பலருக்கு மிஞ்சியிருக்கவில்லை. அந்தக் காட்சி எனக்கு இப்போது மயிலிட்டியோடுதான் வருகிறது.

படத்துக்கு வந்த கதியும் ஏறக்குறைய அதுதான். கழுவிய நெகட்டிவிலிருந்து கொப்பிகள் தியேட்டருக்குப் போகும். நெகட்டிவ் லாபிலேயே தங்கும். குளிரும் பராமரிப்பும் குறைந்தால் சுருளிலிருந்து காடி நாற்றம் கிளம்பும், பிறகு சுருங்கும், நொறுங்கும். விருது வாங்கிய சுருள் என்று அதற்குச் சலுகை கிடையாது. ‘வீடு’, தன்னுடைய இன்னொரு படமான ‘சந்தியா ராகம்’ இரண்டின் நெகட்டிவும் இன்று இல்லையென்று பாலு மகேந்திராவே மேடைகளில் நொந்து சொன்னார். ஆவணக் காப்பகம் ஒன்று வேண்டுமென்று கேட்டுக்கொண்டே இருந்தார்.

கொப்பிகளின் வழி வேறு. எண்பதுகளில் யாழ்ப்பாணத்தில் டீவியும் டெக்கும் வாடகைக்கு எடுத்து, ஊர்கூடி விடியவிடியப் படம் பார்ப்போம். கசெட்டிலிருந்து கசெட்டுக்கு ஏற்ற ஏற்ற நிறம் வெளிறும், முகம் கலங்கும். ஆனாலும் படம் பிழைத்துக் கிடக்கும். இன்று நாம் பார்க்கிற ‘வீடு’ம் ஏதோவொரு கொப்பியின் கொப்பிதான்.

2013இல் வந்த அவருடைய கடைசிப் படம் ‘தலைமுறைகள்’ டிஜிட்டலில் எடுத்தது. அதற்கு நெகட்டிவே இல்லை, கோப்புகள்தான். வன்தட்டு பழுதானால் காடி நாற்றம்கூட வராது.